‘கலரி’ என்று புரோக்கர் எழுதினால் அது பாராட்டா, குறையா?

ஊவாவில் பண்டாரவளைப் பக்கத்து ஸ்டோர் (தேயிலைத் தொழிற்சாலை) ஒன்றில் புதிதாகச் சேர்ந்திருக்கும் தம்பி ஒருவர் கேட்டிருக்கிறார்: தேயிலையை ஏலத்தில் விற்றுக் கொடுக்கும் கொழும்புப் புரோக்கரிடமிருந்து வந்த ருசி அறிக்கையில் தங்கள் பி.ஓ.பி.எஃப். என்ற சின்ன ரகத் தேயிலைக்கு நேரே ஆங்கிலத்தில் ‘கலரி பட் பிளெய்ன்’ என்று எழுதியிருக்கிறது. கைபேசி அகராதியில் தேடினால் அப்படி ஒரு சொல்லே இல்லை என்கிறது. ‘கலோரி’யைத் தேடுகிறீர்களா என்று திருப்பிக் கேட்கிறது. கூட வேலை செய்பவர் ஒருவர் எழுத்துப் பிழை என்கிறார், இன்னொருவர் அமெரிக்க எழுத்து என்கிறார். இது சரியான சொல்தானா, என்ன பொருள், வேறு இடங்களில் எழுதலாமா? கேட்டிருப்பது இவ்வளவுதான். ஆனால் கேள்வியின் உள்ளே இன்னொரு கேள்வி இருக்கிறது. நாளைக்குத் தோட்ட முகாமையாளரான பெரிய துரை அந்த அறிக்கையை மேசையில் போட்டு ‘இதுக்கு என்ன அர்த்தம்?’ என்றால் தடுமாறாமல் பதில் சொல்ல வேண்டும். நம்முடைய தேயிலையைப் புகழ்ந்திருக்கிறார்களா, குறை சொல்லியிருக்கிறார்களா என்பதுதான் உங்களுக்கு உண்மையில் தெரிய வேண்டியது. அதை மனதில் வைத்தே எழுதுகிறேன்.

முதலில் சுருக்கமான பதில். சொல் சரியானது, பிழை இல்லை. கோப்பையில் இறங்கிய சாயம் போதிய ஆழத்தோடு, வாங்குகிறவனுக்குப் பயன்படும் அளவில் இருக்கிறது என்று பொருள். தனியாக நின்றால் அது பாராட்டுத்தான், ஆனால் அளவான பாராட்டு. பக்கத்தில் என்ன சொல் நிற்கிறது, எந்த உயரத்துத் தேயிலை, என்ன ரகம், எந்த மாதத்துக் கொழுந்து என்பதையெல்லாம் பார்த்த பிறகே அந்தப் பாராட்டின் எடை தெரியும். நான் ஹட்டன், தலவாக்கலைப் பக்கத்து ஸ்டோர்களில் தயாரிப்பைக் கவனிக்கும் டீமேக்கராக இருந்து, பிறகு கொழும்பில் தேயிலையை ருசித்துத் தரம் சொல்லும் டேஸ்டர் மேசையிலும் நின்றவன். ஆங்கிலத்தைப் பாடமாகப் படித்து ஆராய்ந்தவன் அல்ல. அதனால் கோப்பையைப் பற்றி நான் சொல்வதை உறுதியாக எடுத்துக்கொள்ளுங்கள். சொல்லின் பூர்வீகம் பற்றிச் சொல்வதில் எது உறுதி, எது என் ஊகம் என்று அங்கங்கே பிரித்துச் சொல்லிவிடுகிறேன்.

எழுத்து விஷயத்தை முதலில் முடித்துவிடுவோம். நிறம் என்ற பொருளுள்ள ‘கலர்’ என்ற பெயர்ச்சொல்லின் கடைசியில் ‘வை’ என்ற ஆங்கில எழுத்தை ஒட்டினால் ‘கலரி’. ‘சால்ட்’ என்பது ‘சால்ட்டி’ ஆகிறது, ‘ரெய்ன்’ என்பது ‘ரெய்னி’ ஆகிறது, அதே விதிதான். அந்தக் குணம் உடையது, அது நிறைந்தது என்று அர்த்தம் வரும். பிரித்தானிய வழக்கில் ‘கலர்’ என்பதற்கு நடுவில் ‘யூ’ உண்டு, ஆகவே ‘கலரி’க்கும் உண்டு. அமெரிக்காவில் அந்த ‘யூ’வை எடுத்துவிட்டார்கள், நோவா வெப்ஸ்டர் 1828 இல் வெளியிட்ட அகராதிக்கு அதில் பெரிய பங்கு உண்டு. எனவே ‘யூ’ இல்லாமல் எழுதியிருந்தால் அது அதே சொல்லின் மாற்று வடிவம், அவ்வளவுதான். அமெரிக்க எழுத்து என்று சொன்ன உங்கள் நண்பர் பாதி சரி. எழுத்து அமெரிக்கர்களுடையதாக இருக்கலாம், சொல் அவர்களுடையது மட்டும் அல்ல. இலங்கையில் நாம் பிரித்தானிய எழுத்தையே பின்பற்றுகிறோம், அதனால் நீங்கள் எழுதும்போது ‘யூ’ போட்டே எழுதுங்கள். கைபேசி அகராதியில் இல்லாததற்குக் காரணம், இது கடைத்தெருவிலும் பத்திரிகையிலும் புழங்காத வியாபாரச் சொல் என்பதே. பெரிய ஆங்கில அகராதிகளில் இருக்கிறது. சரக்கின் நல்ல தரத்தைக் காட்டும் நிறம் உடையது என்று பொருள் தருகின்றன. அதற்கு அவை காட்டும் சரக்குகள் கோப்பியும், பீர் காய்ச்சும்போது சேர்க்கும் ஹொப் பூவும்.

கோப்பி என்றதும் மலையகத்துக்காரர்களான நமக்கு ஒன்று நினைவுக்கு வரவேண்டும். இந்த மலைகளில் தேயிலைக்கு முன்னால் நின்றது கோப்பிதான். ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையில் 19 ஏக்கரில் தேயிலை போட்டது 1867 இல். இரண்டே வருடத்தில், 1869 இல், கோப்பி இலையில் துரு நோய் வந்து, அடுத்த இருபது வருடத்துக்குள் கோப்பித் தோட்டங்கள் அழிந்தன. கொழும்பில் முதல் தேயிலை ஏலம் நடந்தது 1883 இல். லண்டனில் கோப்பியும் தேயிலையும் மின்சிங் லேன் என்ற ஒரே வட்டாரத்தில்தான் கைமாறின. கோப்பிக்கு ‘கலரி’ என்று எழுதிப் பழகிய வியாபாரிகளிடமிருந்தே அந்தச் சொல் தேயிலைக்கு வந்திருக்கும் என்பது என்னுடைய ஊகம். காலமும் இடமும் பொருந்துகின்றன, அதற்கு மேல் இதை ஒரு உண்மையாக நீங்கள் யாரிடமும் சொல்ல வேண்டாம். ஆனால் ஒரு மாற்றம் உறுதி. கோப்பியிலும் ஹொப் பூவிலும் அந்தச் சொல் சரக்கின் மேனியைப் பார்த்துச் சொன்னது, அதாவது கொட்டையின் நிறம், பூவின் நிறம். தேயிலையில் காய்ந்த தூளின் நிறத்துக்கு அதைச் சொல்வதில்லை. தூளுக்கு ‘பிளாக்’, ‘பிரௌனிஷ்’, ‘கிரே’ என்று வேறு சொற்கள் இருக்கின்றன. ‘கலரி’ என்றால் வெந்நீர் ஊற்றி வடித்த சாயத்தைத்தான் சொல்கிறார்கள்.

இந்த இடத்தில்தான் புதியவர்கள் குழம்புகிறார்கள், அதனால் கொஞ்சம் நின்று சொல்கிறேன். டேஸ்டர் ஒரே தேயிலையில் மூன்று பொருளைத் தனித்தனியாகப் பார்க்கிறார்: காய்ந்த தூள், வடித்தபின் மிஞ்சும் சக்கை, வடித்த சாயம். அந்தச் சாயத்தைத்தான் அறிக்கையில் ‘லிக்கர்’ என்று எழுதுவார்கள். ஒவ்வொன்றுக்கும் தனிச் சொற்கள் உண்டு, ஒன்றுக்குரியதை இன்னொன்றுக்குப் போட முடியாது. ‘வயரி’, ‘கிரெய்னி’, ‘ஸ்டாக்கி’, ‘டிப்பி’ எல்லாம் தூளுக்கு. ‘காப்பரி’ என்பது சக்கைக்கு. புதுச் செப்புக் காசு நிறத்தில் சக்கை பளிச்சென்று இருந்தால் அப்படி எழுதுவார்கள், அது நல்ல தயாரிப்பின் அடையாளம். ‘காப்பரி’யும் நிறத்தைச் சொல்கிறது, ‘கலரி’யும் நிறத்தைச் சொல்கிறது, இரண்டும் ஒன்றுதான் என்று நினைத்து அறிக்கையை மாற்றி வாசித்த உதவி டீமேக்கர்களைப் பார்த்திருக்கிறேன். சக்கை செம்பாக இருந்தும் சாயம் மெலிவாக இருக்கலாம். சாயம் கறுத்துக் கனமாக இருந்தும் சக்கை பச்சையும் பழுப்புமாகக் கலந்து கிடக்கலாம்.

சாயத்தை எப்படிப் பார்க்கிறார்கள் என்பது தெரிந்தால் சொல் தானாக விளங்கும். மூடியுள்ள வெள்ளைப் பீங்கான் குவளையில் தேயிலையை நிறுத்துப் போட்டு, அப்போதுதான் கொதித்த தண்ணீரை ஊற்றி மூடுவார்கள். சர்வதேசத் தர முறைப்படி 100 மில்லிலீட்டர் தண்ணீருக்கு 2 கிராம் தேயிலை, ஊறும் நேரம் 6 நிமிடம். பிறகு குவளையை வெள்ளைக் கிண்ணத்தில் சாய்த்து வடித்து, சக்கையைக் கவிழ்த்த மூடியின் மேல் தட்டி வைப்பார்கள். வெயில் நேராக விழாத, ஆனால் நல்ல வெளிச்சம் வரும் ஜன்னல் ஓரத்தில்தான் மேசை இருக்கும். இப்போது கிண்ணத்துக்கு நேர் மேலே நின்று பாருங்கள். கிண்ணத்தின் அடி வெள்ளையாகத் தெரிந்தால் சாயம் லேசு. அடி மறைந்து, நடுவில் செம்பழுப்பாக ஆழ்ந்து, ஓரத்தில் சாயம் பீங்கானைத் தொடும் இடத்தில் ஆரஞ்சு நிறத்தில் ஒரு வளையம் தெளிவாகத் தெரிந்தால் சாயமும் இருக்கிறது, பளிச்சென்ற ஒளியும் இருக்கிறது. அடி மறைந்து, ஓரத்து வளையமும் இல்லாமல் சேறு கலந்த மாதிரி மங்கியிருந்தால் சாயம் மட்டும் இருக்கிறது, ஒளி இல்லை. முதலாவதை ‘லைட்’ என்பார்கள். இரண்டாவது ‘கலரி அண்ட் பிரைட்’. மூன்றாவது ‘கலரி பட் டல்’. பால் விட்டால் இன்னும் தெளிவாகும். இரண்டாவது கிண்ணம் செம்பொன் நிறமாகும், மூன்றாவது சாம்பல் பூத்தது போல் ஆகும்.

அடியில் இருக்கும் காரணம் இதுதான். கொழுந்தை வாட்டி, ரோலரில் நசுக்கி, காற்றோடு சேர்ந்து நிறம் மாற விடும்போது (இதைத்தான் ‘ஃபெர்மென்ட்’ என்கிறோம்), இலையிலுள்ள கேட்டசின்கள் என்ற இயற்கைப் பொருள்கள் இரண்டு வகைப் பொருள்களாக மாறுகின்றன. ஒன்று தியாஃபிளேவின், பொன்னிறத்தையும், சாயத்தின் ஒளியையும், வாயில் சுறுக்கென்று பிடிக்கும் குணத்தையும் தருவது. மற்றது தியாரூபிஜின், செம்பழுப்பு நிறத்தையும் கனத்தையும் தருவது. கருந்தேயிலையின் எடையில் முதலாவது ஏறக்குறைய 2 சதவீதத்துக்குள் அடங்கிவிடும், இரண்டாவது 10 முதல் 20 சதவீதம் வரை இருக்கும். ‘கலரி’ என்ற சொல்லுக்குப் பின்னால் இருப்பது பெரும்பாலும் இந்த இரண்டாவது வகைதான். ஃபெர்மென்ட் நேரம் நீள நீள, அறை சூடாகச் சூடாக, அது கூடிக்கொண்டே போகும். தியாஃபிளேவின் அப்படி இல்லை, ஒரு கட்டம் வரை ஏறி, பிறகு இறங்கிவிடும். ஆகவே நேரத்தைக் கூட்டினால் சாயம் கிடைக்கும், ஆனால் உயிர் போய்விடும். சாயத்துக்காக நேரத்தைக் கூட்டுகிற எந்த டீமேக்கரும் இந்தப் பேரத்தைத்தான் செய்கிறார், தெரிந்தோ தெரியாமலோ.

சரி, இனி ‘பாராட்டா, குறையா’ என்பதற்கு வருவோம். இது உயரத்தைப் பொறுத்தது. 2,000 அடிக்குக் கீழே விளையும் ருகுணு, சப்ரகமுவத் தேயிலைகளை வாங்குகிறவர்கள் சாயத்தை எதிர்பார்த்தே வாங்குகிறார்கள். அங்கே ‘கலரி’ என்பது நல்ல செய்தி. 2,000 முதல் 4,000 அடி வரையுள்ள கண்டித் தேயிலைக்கும் அப்படியே, சாயமும் கனமும்தான் அதன் பலம். 6,000 அடியில் நிற்கும் நுவரெலியாவுக்குப் போனால் கதை வேறு. அங்கத்தைய தேயிலையின் பெருமை வெளிறிய பொன்னிறச் சாயமும் மணமும். நுவரெலியா மார்க் (ஸ்டோரின் விற்பனைப் பெயர்) ஒன்றுக்கு ‘கலரி’ என்று வந்தால் அந்த ஸ்டோரின் டீமேக்கர் யோசிக்க வேண்டும், ஃபெர்மென்ட் அறையில் நேரம் கூடிப்போயிற்றா, டிரையரில் தேங்கிப்போயிற்றா என்று. திம்புளவும் ஊவாவும் நடுவில் நிற்கின்றன. திம்புளவின் நல்ல பருவம் ஜனவரி முதல் மார்ச் வரை, ஊவாவின் பருவம் ஜூலை முதல் செப்டெம்பர் வரை. அந்த மாதங்களில் வாங்குகிறவன் தேடுவது மணத்தையும் சுறுக்கையும். சாயம் இரண்டாம் பட்சம். அந்த மூன்று மாதத்தில் வந்த அறிக்கையில் ‘கலரி’ மட்டும் இருந்து மணத்தைப் பற்றி ஒரு சொல்லும் இல்லையென்றால், சொல்லாமல் விட்டதுதான் செய்தி. மற்ற மாதங்களில் அதே சொல் நிம்மதியான சொல்.

ரகமும் முக்கியம். பி.ஓ.பி.எஃப்., டஸ்ட் போன்ற சின்ன ரகங்கள் பெரும்பாலும் டீ பேக்குக்குப் போகின்றன. பேக்கை ஒரு நிமிடம், இரண்டு நிமிடம் முக்கி எடுத்துப் பால் ஊற்றிக் குடிக்கிறவனுக்குச் சாயம் உடனே இறங்க வேண்டும். அப்படி வாங்குகிறவன் ‘கலரி’ என்ற சொல்லைப் பார்த்தே ஏலத்தில் விலை கேட்பான். பெரிய இலை ரகத்தில் அதே சொல்லுக்கு அவ்வளவு மதிப்பில்லை. உங்களுடையது பி.ஓ.பி.எஃப். என்பதால் சாயம் உங்களுக்குச் சாதகமாகத்தான் நிற்கிறது.

பக்கத்துச் சொல்லுக்கு வருகிறேன், ஏனென்றால் அறிக்கை வாசிப்பதில் பாதி வேலை அதில்தான். ‘அண்ட்’ என்று வந்தால் இரண்டு நல்லதைச் சேர்த்துச் சொல்கிறார். ‘பட்’ என்று வந்தால் முதலில் சொன்னதை ஒப்புக்கொண்டு, இரண்டாவதில் விலையைக் குறைக்கிறார். ‘கலரி பட் ஸாஃப்ட்’ என்றால் சாயம் இருக்கிறது, வாயில் பிடிப்பு இல்லை. ஃபெர்மென்ட் நேரம் நீண்டதற்கோ, டிரையரில் சரியாகக் காயாததற்கோ இது வரும். ‘கலரி பட் தின்’ என்று ஒரு தடவை பார்த்து, சாயம் இருக்கும்போது எப்படி மெலிவாகும் என்று கேட்டவர்கள் உண்டு. நிறமும் கனமும் ஒன்று என்று நினைப்பதால் வரும் சந்தேகம் இது. கறியில் மிளகாய்த்தூள் சிவப்பைக் கொடுத்தும் உறைப்பைக் கொடுக்காமல் விடுகிறதல்லவா, அப்படி. இங்கே ஒன்றைச் சொல்ல வேண்டும்: ‘கலரி’ என்ற சொல்லுக்குள் கனமும் அடங்குமா என்பதில் டேஸ்டர்களிடையே ஒரே வழக்கம் இல்லை. தேயிலை வியாபாரத்தில் புழங்கும் சொற்பட்டியல்கள் ‘பயன்படும் ஆழமுள்ள நிறமும் கனமும்’ என்று இரண்டையும் சேர்த்தே விளக்கம் தருகின்றன. ஆனால் மேசையில் நிற்கிறவர்கள் பலர் நிறத்தை மட்டும் மனதில் வைத்து எழுதுகிறார்கள், கனத்துக்கு ‘ஸ்ட்ரெங்த்’ என்று தனியாகப் போடுகிறார்கள். உங்கள் அறிக்கையை எழுதியவர் எந்தப் பழக்கம் உள்ளவர் என்பது ஒரே வரியிலிருந்து தெரியாது. அவர் எழுதிய பழைய அறிக்கைகளை எடுத்துப் பாருங்கள். ‘கலரி வித் ஸ்ட்ரெங்த்’ என்று எங்காவது தனித்து எழுதியிருந்தால், அவருக்கு இரண்டும் வேறு வேறு என்று பிடித்துக்கொள்ளலாம்.

இப்போது உங்கள் வரி: ‘கலரி பட் பிளெய்ன்’. ‘பிளெய்ன்’ என்பது கோளாறைச் சொல்லும் சொல் அல்ல. புகை பிடித்தது, கருகியது, பூஞ்சணம் வாசம் என்றால் அவற்றுக்கு வேறு சொற்கள் இருக்கின்றன, அவற்றை அவர் எழுதத் தயங்கியிருக்க மாட்டார். ‘பிளெய்ன்’ என்றால் சுத்தமான தேயிலை, ஆனால் ஊருக்குரிய மணமோ தனிக் குணமோ கோப்பையில் இல்லை. மழை தொடர்ந்து பெய்து கொழுந்து வேகமாக வளரும் மாதங்களில் ஊவாவில் அப்படித்தான் வரும், எந்த டீமேக்கராலும் மழைக் கொழுந்திலிருந்து ஓகஸ்ட் மணத்தை எடுக்க முடியாது. ஆகவே உங்கள் அறிக்கை வடகீழ்ப் பருவமழைக் காலத்துத் தேயிலைக்கு வந்தது என்றால், துரையிடம் இப்படிச் சொல்லுங்கள்: ‘சாயம் நல்லா வந்திருக்கு, தயாரிப்பில குறை ஒண்ணும் சொல்லல, பருவம் இல்லாததால மணம் இல்லன்னு எழுதியிருக்காங்க.’ அது உண்மை, அதில் வெட்கப்பட ஒன்றும் இல்லை. பருவத்து மாதத்தில் வந்த அறிக்கை என்றால் அதே வரியை இவ்வளவு லேசாக எடுத்துக்கொள்ளக் கூடாது. அப்போது கொழுந்து எப்படி வருகிறது, முற்றின இலை எவ்வளவு கலக்கிறது, வாட்டம் சரியாக இருக்கிறதா, ஃபெர்மென்ட் நேரம் பழைய மழைக்கால நேரமாகவே ஓடிக்கொண்டிருக்கிறதா என்று வரிசையாகப் பார்க்க வேண்டும். கடைசியாகச் சொன்னதை முதலில் பாருங்கள். காலநிலை மாறியும் கடிகாரத்தை மாற்றாத ஸ்டோர்கள் நிறைய.

சொல்லின் அருத்தம் கையில் படிய வேண்டுமானால் ஒரு காரியம் செய்து பாருங்கள். ரோலரிலிருந்து வரும் ஒரே தூளில் மூன்று பங்கு எடுத்துத் தனியாகப் பரப்புங்கள். ஒன்றை உங்கள் வழக்கமான நேரத்துக்கு அரை மணி முன்னால் டிரையருக்கு அனுப்புங்கள், ஒன்றை வழக்கமான நேரத்தில், மூன்றாவதை அரை மணி தள்ளி. சூடும் காயும் நேரமும் மூன்றுக்கும் ஒன்றாக இருக்கட்டும், இல்லாவிட்டால் எதனால் வித்தியாசம் வந்தது என்று தெரியாது. அடுத்த நாள் மூன்றையும் ஒரே தண்ணீரில், ஒரே எடையில், ஒரே நேரத்தில் வடித்து வரிசையாக வையுங்கள். முதல் கிண்ணத்தில் பச்சை வாடையும் வெளிறிய நிறமும் இருக்கும். நடுவில் இருப்பது ஒளியோடு இருக்கும், உங்கள் வழக்கமான நேரம் சரியாக இருந்தால். மூன்றாவது கிண்ணம் மூன்றிலும் அதிகக் ‘கலரி’யாக இருக்கும், ஒரு கரண்டி உறிஞ்சிப் பார்த்தால் நாக்கில் தட்டையாக விழும். பார்க்க அழகு, குடிக்கச் சோர்வு. கிண்ணத்தை மட்டும் பார்த்து மூன்றாவதைத் தேர்ந்தெடுக்கிற கண், ஒரு வாரம் உறிஞ்சிப் பழகிய பிறகு நடுக் கிண்ணத்துக்குத் திரும்பிவிடும். துரையையும் கூப்பிட்டுக் காட்டுங்கள். ‘சாயம் இன்னும் வேணும்’ என்று மேலிடத்திலிருந்து கேட்கும்போது, என்ன விலை கொடுத்து அதை வாங்குகிறோம் என்று அவருக்கும் தெரிந்திருக்கும்.

வேறு இடங்களில் இந்தச் சொல்லை எழுதலாமா என்று கேட்டீர்கள். என் அபிப்பிராயம், தேயிலைக்கும் கோப்பிக்கும் வெளியே வேண்டாம். சேலையையோ தீபாவளிக் கோலத்தையோ ஆங்கிலத்தில் வர்ணிக்க ‘கலர்ஃபுல்’ இருக்கிறது. அந்த இடத்தில் ‘கலரி’ என்று எழுதினால் வாசிக்கிறவர் தெரியாமல் எழுதியது என்றே நினைப்பார். ‘கலர்ட்’ என்பதை இரண்டுக்கும் பொதுவாகப் போடலாம் என்று சிலர் எண்ணுகிறார்கள். அது ‘நிறம் ஊட்டப்பட்டது’ என்ற பொருளைத் தரும், தேயிலைக்கு அப்படி எழுதினால் சாயப்பொடி கலந்த தேயிலை என்று வாசிக்க இடம் உண்டு, வியாபாரத்தில் அது ஆபத்தான வாசிப்பு. மனிதர்களைக் குறிக்க அந்தச் சொல்லை ஒருபோதும் எழுதாதீர்கள், அதற்கு நிறவெறிச் சரித்திரம் ஒன்று இருக்கிறது. வாக்கியத்தில் ‘கலரி’யை இரண்டு விதமாகவும் வைக்கலாம்: ‘கலரி லிக்கர்’ என்று பெயருக்கு முன்னால், அல்லது ‘லிக்கர்: கலரி’ என்று தனியாக. அளவைச் சொல்ல ‘ஃபேர்லி கலரி’, ‘குவைட் கலரி’ என்று முன்னால் சேர்ப்பார்கள். இதில் ‘ஃபேர்லி’ வந்தால் சந்தோஷத்தைக் கொஞ்சம் அடக்கிக்கொள்ளுங்கள், ஓரளவு என்றுதான் பொருள்.

ஸ்டோரில் கூட வேலை செய்கிறவர்களுக்குத் தமிழில் விளக்க வேண்டி வந்தால், ‘வண்ணமயமான’ என்று அகராதி தரும் சொல்லைத் தூக்கிக்கொண்டு போகாதீர்கள், ஒருவருக்கும் விளங்காது. நம் ஆட்கள் லயத்தில் தேத்தண்ணி ஊற்றும்போதே ‘சாயம் நல்லா இறங்கியிருக்கு’, ‘சாயம் ஏறல’ என்று சொல்கிறார்கள். ‘நல்ல சாயம்’ என்றாலே போதும். அறிக்கைகளைக் கோப்பில் போடும்போது ஒவ்வொன்றின் ஓரத்திலும் மூன்று விஷயம் குறித்து வையுங்கள்: கொழுந்து பறித்த தேதி, அன்றைய ஃபெர்மென்ட் நேரம், அன்று மழையா வெயிலா. ஒரு பருவம் முடிந்ததும் ‘கலரி’ என்று வந்த அறிக்கைகளை மட்டும் பிரித்தெடுத்து அந்தக் குறிப்புகளைப் பாருங்கள். உங்கள் ஸ்டோரில் எந்த நேரத்தில், எந்தக் காலநிலையில் அந்தச் சொல் வருகிறது, அதோடு ‘பிரைட்’ எப்போது வருகிறது, ‘ஸாஃப்ட்’ எப்போது வருகிறது என்று உங்களுக்கே தெரிந்துவிடும். ஒரே அறிக்கையை வைத்துக்கொண்டு எதையும் மாற்ற வேண்டாம். அதே சொல் அடுத்தடுத்த அறிக்கைகளிலும் வந்தால், இன்னொரு புரோக்கரிடமும் மாதிரி அனுப்பிக் கேட்டுவிட்டு, அதன் பிறகு நேரத்தில் கை வையுங்கள்.